மஞ்சள் சுவர் பற்றி ஒரு திருத்தம்

அன்பு மகளுக்கு,

நானும் அப்பாவும் நலம். வெறுமனே நலம் என்று எழுதினால் நீ நம்ப மாட்டாய், அதனால் விவரத்தையும் சேர்த்தே தருகிறேன். என் இரத்த அழுத்தம் போன செவ்வாய்க்கிழமை நூற்று முப்பதுக்கு எண்பத்து நான்கு, டாக்டரம்மா தலையை ஆட்டிவிட்டு ஒன்றும் சொல்லவில்லை, அவர் ஒன்றும் சொல்லாவிட்டால் நல்ல செய்தி என்று அர்த்தம். அப்பாவுக்கு இடது முழங்கால் படி ஏறும்போது சத்தம் போடுகிறது, வலி கிடையாது, சத்தம் மட்டும்தான், "எண்ணெய் காணாத கேட்டு மாதிரி இருக்குல்ல" என்று அவரே கேட்டுச் சிரித்துக்கொள்கிறார். நீயும் நேரத்துக்குச் சாப்பிட்டு, நேரத்துக்குத் தூங்கி நன்றாக இருப்பாய் என்று நம்புகிறேன். நம்புகிறேன் என்றுதான் எழுத முடிகிறது, போனில் நீ "சாப்பிட்டேம்மா" என்று சொல்லும் வேகத்தை வைத்து உறுதியாக எதுவும் எழுதுவதற்கில்லை.

இந்தப் பொட்டலத்தில் இரண்டு மெமரி கார்டும் என்னுடைய பழைய நோட்டு ஒன்றும் இந்தக் கடிதமும் இருக்கின்றன. மற்றவற்றைத் தொடுவதற்கு முன் கடிதத்தைக் கடைசி வரை படித்துவிடு. போனில் சொல்லியிருக்கலாம், ஆனால் நான் மூன்றாவது வாக்கியத்துக்கு வருவதற்குள் நீ "ஒரு நிமிஷம்மா" என்று குறுக்கே வந்துவிடுவாய், நான் சொல்ல வந்தது பத்தாவது வாக்கியத்தில்தான் இருக்கும். நீ எடுக்கிற ஏரிப் படத்தை ஒப்படைக்க இன்னும் இருபத்திரண்டு நாள் இருக்கிறது, நாட்காட்டியில் வட்டம் போட்டு வைத்திருக்கிறேன். பொட்டலம் ஐந்து நாளில் வந்து சேரும் என்று கூரியர்காரர் சொல்லியிருக்கிறார். ஆக, உன் கையில் பதினேழு நாள் இருக்கும். அதை மனதில் வைத்துக்கொண்டுதான் இதை எழுதுகிறேன்.

முதலில் வீட்டுச் செய்தி. மாடிப்படிக்குக் கீழே படுத்திருக்கும் சாம்பல் பூனை மூன்று குட்டி போட்டிருக்கிறது, அதுவும் எங்கே என்றால் அப்பாவின் நில அளவைக் கருவிப் பெட்டிக்குள். முப்பத்து நான்கு வருஷம் அந்தப் பெட்டியை என்னைக்கூடத் தொட விடாத மனுஷன், இப்போது கருவியை வெளியே எடுத்து என் புடவை ஒன்றில் சுற்றி வைத்துவிட்டு, பெட்டியைப் பூனைக்கு விட்டுக் கொடுத்துவிட்டார். எந்தப் புடவை என்று என்னிடம் கேட்கவில்லை. கீழ்வீட்டுக் கண்டக்டர் வேலையிலிருந்து ஓய்வு பெற்று ஒரு வருஷம் முடிந்துவிட்டது, இன்னும் மாடிக்கு வருகிற யாரைப் பார்த்தாலும் "உள்ள போங்க, உள்ள போங்க, நடுவுல காலியாத்தான் இருக்கு" என்று சொல்லும் பழக்கம் போகவில்லை. சமையலறைக் குழாயை மாற்றியாயிற்று. ஜன்னல் கொக்கியை இன்னும் மாற்றவில்லை, தச்சர் போன மாதம் வந்து பார்த்து "நாளைக்கு வர்றேன்" என்று சொல்லிவிட்டுப் போனவர்தான்.

நீ அனுப்பிய முதல் தொகுப்பை மூன்று பேரும் சேர்ந்து பார்த்தோம். மூன்று பேர் என்றால் நான், அப்பா, அழைக்காமலே வந்து உட்கார்ந்த கண்டக்டர். நாற்பத்தேழு நிமிடமும் பார்த்தோம், இடையில் எழுந்தது கண்டக்டர் மட்டும்தான், அதுவும் ஒரே முறை. நீ நிஜமான அபிப்பிராயம் வேண்டும் என்று கேட்டதால் மறைக்காமல் எழுதுகிறேன். முதல் பத்து நிமிடம் ஏரியின் தென்கரையும் அந்த ஒற்றை மரமும் அசையாமல் நின்றபோது கண்டக்டர் "கம்ப்யூட்டர் நின்னுபோச்சு சார்" என்றார். அப்பா "இலை ஆடுது பாருங்க" என்றார். ஆறாவது நிமிடத்தில் அவர் "ஆள் எப்ப சார் வரும்" என்று கேட்டார், எட்டாவது நிமிடத்தில் ஒருவர் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போனபோது மூன்று பேரும் கை தட்டினோம், நீ கேலியென்று எடுத்துக்கொள்ளாதே, நிஜமாகவே சந்தோஷமாக இருந்தது. படம் முடிந்ததும் கண்டக்டர், "இந்த ஏரியைத் தாண்டித்தான் இருபத்தாறு வருஷம் பஸ்ல போய் வந்தேன், ஒருநாளும் பாக்கலம்மா" என்றார். இதைவிட நல்ல விமர்சனம் உனக்குக் கிடைக்குமா என்று தெரியவில்லை. அப்பாவின் விமர்சனம் ஒன்றே ஒன்றுதான்: பதினெட்டாவது நிமிடத்தில் தண்ணீர் ஒன்றரை டிகிரி இடது பக்கம் சாய்ந்திருக்கிறதாம். "தண்ணி சாயாது, பாப்பா சாய்ஞ்சிருக்கா" என்றார்.

என் அபிப்பிராயத்தை நீயே ஊகித்திருப்பாய். முப்பது வருஷம் செய்தி எழுதியவளுக்கு யார், எங்கே, எப்போது, ஏன் என்ற நான்கும் இல்லாத படம் கை கால் இல்லாத நாற்காலி மாதிரிதான் தெரியும். "எல்லாம் இருக்கும்மா, சொல்லல, அவ்வளவுதான்" என்று நீ முன்பே சொல்லியிருக்கிறாய். நானும் ஒப்புக்கொள்ளத்தான் பார்க்கிறேன், ஒப்புக்கொள்ள ஒவ்வொரு முறையும் பத்து நிமிடம் ஆகிறது, உன் ஷாட்டும் பத்து நிமிடம் என்பதால் கணக்குச் சரியாகிவிடுகிறது. கடைசியில் உன் குரல் வருகிற இடம் எனக்கு வரிக்கு வரி மனப்பாடம். அப்பாவின் தோள்மேல் உட்கார்ந்திருந்தேன், அவருடைய குட்டை முடியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டிருந்தேன், எதிரே ஒரு மஞ்சள் சுவர், சுவரிலிருந்து படிகள் தண்ணீருக்குள் இறங்கிக்கொண்டிருந்தன, அம்மா அன்றைக்கு வேலைக்குப் போயிருந்தாள், இதுதான் எனக்கு ஞாபகம் இருக்கிற முதல் இடம் என்று சொல்கிறாய். அதற்குப் பின் திரை இருட்டாக இருந்தது, அங்கேதான் நாங்கள் எடுத்து அனுப்ப வேண்டிய பத்து நிமிடம் வரப்போகிறது என்று எழுதியிருந்தாய். அப்பா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். எனக்கு அந்த அம்மா வேலைக்குப் போயிருந்த வரியில் சுருக்கென்றது, ஆனால் நூறு நாளில் தொண்ணூறு நாள் அது உண்மை என்பதால் வாயைத் திறக்கவில்லை.

நீ எழுதி அனுப்பிய குறிப்பை அப்படியே கடைப்பிடித்தோம் என்று சொல்ல ஆசைதான். வடக்குக் கரையில் சிமெண்ட் பெஞ்சுக்குப் பின்னால், மாலை நான்கு மணி, அப்பாவின் தோளில் உட்கார்ந்த ஐந்து வயதுக் குழந்தையின் கண் உயரத்தில் கேமரா, அசைக்கக் கூடாது, பேசக் கூடாது, பத்து நிமிடம். உயரத்தை அப்பா கணக்குப் போட்டு நூற்றுத் தொண்ணூற்று நான்கு சென்டிமீட்டர் என்று முடிவு செய்தார், நீ விட்டுப் போன ஸ்டாண்ட் அவ்வளவு உயரம் வராததால் கண்டக்டர் வீட்டு மர பெஞ்சை மூன்று பேரும் தூக்கிக்கொண்டு போய் அதன்மேல் நிறுத்தினோம். முதல் நாள் நான் பட்டனை அமுக்கியதும் என் வாய் தானாகத் திறந்து தேதி, நேரம், காற்று எந்தத் திசையிலிருந்து அடிக்கிறது என்பதையெல்லாம் சொல்லிவிட்டது. சரி, இத்தோடு போகட்டும் என்று இருந்தால், நாலாவது நிமிடத்தில் மூன்று பேர் நடைப்பயிற்சிக்கு வந்தார்கள், நான் "இடமிருந்து வலமாக, ஓய்வுபெற்ற தலைமையாசிரியை, அவர் தங்கை, பெயர் தெரியாத ஒருவர்" என்று படவிளக்கமே கொடுத்துவிட்டேன். அதைக் கேட்டுவிட்டு நீ போனில் "நிலம் பேசணும்மா, நீ பேசக் கூடாது" என்று கத்தியது நியாயம்தான். இரண்டாம் நாள் நான் துப்பட்டாவால் வாயைக் கட்டிக்கொண்டு நின்றேன், நிஜமாகவே கட்டிக்கொண்டேன், அப்பா ஒழுங்காக இருந்தார், ஆறாவது நிமிடம் வரைதான், அப்புறம் பெஞ்சின் ஒரு கால் மண்ணில் புதைகிறது என்று சாய்வு பார்க்கும் ரசமட்டத்தைக் கொண்டுவந்து கேமராவுக்கு முன்னால் குனிந்தார். அவருடைய வழுக்கை ஒரு நிமிடம் இருபது விநாடி திரை முழுவதும் இருக்கிறது. நீயோ அதை வெட்டாமல் படத்தில் சேர்த்துவிடலாமா என்று கேட்டாய், அவர் இரண்டு நாள் தொப்பி போட்டுக்கொண்டு திரிந்தார். மூன்றாம் நாள் நாங்கள் இருவரும் கல்லைப்போல் நின்றோம், ஒன்பதரை நிமிடம் ஆயிற்று, எதிரே ஒரு ஸ்கூட்டர் கரை ஓரமாக வந்தது, கண்டக்டர் வாயில் இரண்டு விரலை வைத்து ஒரு விசில் அடித்து "ஓல்டான்!" என்றார். ஸ்கூட்டர்காரர் நின்றுவிட்டார். ஏன் நின்றோம் என்று அவருக்கும் தெரியவில்லை.

இதெல்லாம் உனக்குப் போனில் கொஞ்சம் தெரியும். தெரியாதது இனிமேல்தான். மூன்றாம் நாள் பெஞ்சைத் தூக்கிக்கொண்டு திரும்பும்போது எனக்கு ஒரு யோசனை வந்தது. சுவர் இல்லாத இடத்தைப் பத்து நிமிடம் காட்டி, இங்கே ஒரு மஞ்சள் சுவர் இருந்தது என்று நீ சொல்லப்போகிறாய், இருந்ததா என்று யார் பார்த்தது? சந்தேகம் என்று சொல்ல மாட்டேன், பழக்கம். அச்சுக்குப் போவதற்கு முன் ஒரு தரம் கேட்டுவிட வேண்டும், அவ்வளவுதான். படகு வாடகைக்கு விடுகிறவரைக் கேட்டேன், அவர் அங்கே நாற்பது வருஷமாக இருக்கிறார். "மஞ்சளா? சுவரா? தண்ணிக்குள்ள படி வெச்சா? நம்ம ஏரியிலயா?" என்று நான்கு கேள்வியைத் திருப்பி என்னிடமே கேட்டார். பம்ப் ரூம் காவலரைக் கேட்டேன், அவர் பம்ப் ரூம் எப்போதுமே வெள்ளை என்றார். நடைப்பயிற்சிக்கு வரும் தலைமையாசிரியையைக் கேட்டேன், அவர் நான் எதற்குக் கேட்கிறேன் என்பதை முதலில் எழுத்தில் தரச் சொன்னார், விளையாட்டுக்குத்தான். கடைசியில் அப்பாவிடம் அந்த ஏரியின் பழைய வரைபடத்தை எடுக்கச் சொன்னேன், அவரே சங்கிலி பிடித்து அளந்து போட்ட வரைபடம், வடகரையில் ஒரு கட்டடமும் இல்லை. அவர் அதை விளக்கடியில் வைத்து நெடுநேரம் பார்த்தார். பிறகு என்ன சொன்னார் தெரியுமா, "பாப்பா பாத்தேன்னு சொன்னா இருந்திருக்கும், நான்தான் மேப்புல விட்டிருப்பேன்" என்றார். ஒரு சர்வேயர் தன் வரைபடத்தை விட்டுக் கொடுத்து நான் பார்த்ததில்லை.

அதற்குப் பிறகுதான் அலமாரிக்கு மேலே இருந்த என் நோட்டுகளை இறக்கினேன். அறுபத்திரண்டு நோட்டு, ஒவ்வொன்றின் அட்டையிலும் தேதி இருக்கிறது, ஏரி என்று வருகிற பக்கங்களை மட்டும் தேடினேன், இரண்டு நாள் ஆயிற்று, தும்மல்தான் மிச்சம் என்று நினைத்துக்கொண்டிருந்தபோது நாற்பத்தோராவது நோட்டில் கிடைத்தது. உனக்கு ஐந்து வயதும் இரண்டு மாதமும். ஏரியில் தூர் வாருகிற வேலை நடந்த செய்திக்காக எடுத்த குறிப்பு. என் கையெழுத்தில் அப்படியே இருக்கிறது: "மிதக்கும் இயந்திரம். நீளம் இருபத்திரண்டு மீட்டர். முழுக்க மஞ்சள் வண்ணம். பக்கவாட்டில் இரும்பு ஏணி, கடைசி நான்கு படி தண்ணீருக்குள். பதினோரு நாள் வேலை, நாளை மறுநாள் வேறு ஊருக்கு எடுத்துப் போகிறார்கள்." உன் மஞ்சள் சுவர் சுவரே இல்லை, கண்ணு. கரையை ஒட்டி நின்ற ஒரு பெரிய இயந்திரம். ஐந்து வயதுக் குழந்தைக்கு எதிரே இருபத்திரண்டு மீட்டர் மஞ்சள் நின்றால் அது சுவர் இல்லாமல் வேறு என்ன? பதினோரு நாள் மட்டுமே ஏரியில் இருந்ததால்தான் படகுக்காரருக்கும் தெரியவில்லை, வரைபடத்திலும் இல்லை. நீ பார்த்தது சரி, பெயர்தான் வேறு. எனக்கு அந்த நிமிடம் வந்த சந்தோஷத்தில் பக்கத்து அறையில் இருந்த அப்பாவைக் கூப்பிட வாயைத் திறந்துவிட்டேன். திறந்த வாயை மூடிக்கொண்டேன், ஏனென்றால் அதே பக்கத்தில் இன்னொன்று இருந்தது.

பக்கத்தின் கீழ்ப்பாதியில் என் எழுத்தின் மேலேயே பென்சிலால் கிறுக்கியிருக்கிறது. ஒரு பெரிய சதுரம், அதில் ஓர் ஏணி, அடியில் நெளிநெளியாக மூன்று கோடு. நீ அந்த வயதில் தண்ணீரை அப்படித்தான் வரைவாய், மூன்று கோடு, இரண்டு போட்டால் அது பாம்பு என்று எங்களுக்கு விளக்கம் வேறு சொல்வாய். அந்த நோட்டு வேலை நேரத்தில் என் கையை விட்டு எங்கேயும் போனதில்லை. கிறுக்கலைப் பார்த்துக்கொண்டே இருந்தேன், அப்போது ஞாபகம் வந்தது, கதவு திறந்த மாதிரியெல்லாம் வரவில்லை, முதலில் கழுத்துதான் வலித்தது. அந்த வருஷம் எனக்கு டைஃபாய்டு வந்து முடியெல்லாம் கொட்டி, காதுக்கு மேலே ஒட்ட வெட்டியிருந்தேன், ஆபீஸில் மூன்று மாதம் என்னைத் "தம்பி" என்றுதான் கூப்பிட்டார்கள். உன்னைப் பார்த்துக்கொள்கிற பக்கத்து வீட்டு அக்கா அன்றைக்கு வரவில்லை போலிருக்கிறது, இது என் ஊகம், உறுதியில்லை. உன்னைத் தோளில் ஏற்றிக்கொண்டு செய்திக்குப் போனேன். கரை முழுக்கச் சேறு, இறக்கிவிட வழியில்லை. நான் தூர் வாரும் வேலையைப் பார்த்த இன்ஜினியரிடம் கேள்வி கேட்டு எழுதி முடித்ததும் நீ நோட்டைப் பிடுங்கி என் தலைமேல் வைத்துப் படம் போட ஆரம்பித்தாய், அந்த இன்ஜினியர் என்னிடம் பேசுவதை விட்டுவிட்டு உன்னைப் பார்த்து, "மேலிருக்கிற ரிப்போர்ட்டரும் எழுதிட்டாங்களா?" என்று கேட்டார். நீ பிடித்துக்கொண்டிருந்த குட்டை முடி என்னுடையது.

இதை நான் எப்படி மறந்தேன் என்று கேட்பாய். செய்தியில் நிருபர் வரக் கூடாது என்பது எங்களுக்கு முதல் நாளே சொல்லிக் கொடுத்தது, அதனால் நோட்டில் உன்னைப் பற்றியோ என்னைப் பற்றியோ ஒரு சொல் எழுதவில்லை. எழுதாததை நான் ஞாபகம் வைத்துக்கொள்வதில்லை, அது என் குறை. அப்பா இந்தக் கதையை எத்தனையோ வருஷமாகத் தன் தோள் கதையாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார், நானும் பக்கத்தில் உட்கார்ந்து தலையாட்டிக்கொண்டிருந்திருக்கிறேன். அன்று சாயங்காலம் நான் வீட்டில் சொன்னதைக் கேட்டுக் கேட்டு அவருடையதாகிவிட்டதோ என்னவோ.

நோட்டை மூடி அலமாரியில் வைத்துவிட்டேன். ஒன்பது நாள் யாரிடமும் சொல்லவில்லை. உன் படத்தின் முதுகெலும்பே அந்தத் தோள்தான், ஒப்படைக்க ஒரு மாதம்தான் இருந்தது, நான் போய் அந்தத் தோள் தப்பு என்று சொன்னால் நீ எதை வைத்து முடிப்பாய் என்பது ஒன்று. அப்பா கண்ணாடி துடைத்தது இன்னொன்று. மூன்றாவதை எழுதாவிட்டால் நான் நேர்மையாக எழுதியதாக ஆகாது: இதில் எனக்கு ஆதாயம் இருக்கிறது. உன் முதல் ஞாபகத்தில் நான் இருக்க வேண்டும் என்று எனக்கு ஆசை, அந்த வரி குத்தியதிலிருந்தே ஆசை. ஆதாயம் உள்ள ஆள் கொண்டுவரும் செய்தியை நான் ஒருநாளும் ஒற்றை ஆதாரத்தோடு போட்டதில்லை. அதனால் பத்தாம் நாள் காலையில் டீ குடிக்கும்போது, விஷயம் என்னவென்று சொல்லாமல், அந்தத் தேதியில் நீங்கள் எங்கே இருந்தீர்கள், உங்கள் வேலை டைரியைப் பார்த்துச் சொல்லுங்கள் என்று அப்பாவிடம் கேட்டேன். அவர் பூனையை எழுப்பாமல் பெட்டிக்குப் பின்னாலிருந்து டைரிக் கட்டை இழுத்து, விரலால் தேடி, நல்ல குரலில் வாசித்தார்: மலையடிவாரத்தில் சாலை அளவை, முகாம் ஆறாம் நாள், மழை, வேலை பாதி. வாசித்துவிட்டு நிமிர்ந்து, "இது எதுக்கு இப்போ?" என்றார். நான் நோட்டைத் திறந்து அவர் முன்னால் வைத்தேன்.

அவர் டீயைத் தள்ளி வைத்தார். உன் கிறுக்கலில் இருந்த ஏணிப் படிகளை எண்ணினார், ஒன்பது. என் குறிப்பை இன்னொரு தரம் படித்தார். பிறகு, "அப்போ நான் யாரைத் தூக்கினேன்?" என்றார். எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது, இரண்டில் எது முந்தியது என்று சொல்ல முடியாது. "அவளைத் தூக்காத நாளே கிடையாது உங்களுக்கு, அந்த ஒரு நாள்தான் இல்ல" என்றேன். "அந்த ஒரு நாளைத்தானே அவ படம் எடுத்திருக்கா" என்றார். அப்புறம் எழுந்து போய்ப் பூனைக்குப் பால் ஊற்றிவிட்டு வந்து, "சேத்துல தூக்கிட்டு நின்னியா, எவ்வளவு நேரம்?" என்று கேட்டார். ஒரு மணி நேரம் இருக்கும் என்றேன். "சொல்லவே இல்லையே நீ" என்றார். சொன்னேன், நீங்கள்தான் அதை உங்கள் கதையாக எடுத்துக்கொண்டீர்கள் என்று சொல்ல வந்து, விட்டுவிட்டேன். அவர் உட்கார்ந்து, அடுத்த வாரம் முகாமிலிருந்து வந்ததும் உன்னை ஏரிக்குத் தூக்கிக்கொண்டு போனதாகவும், நீ "சுவர் எங்கே, சுவர் எங்கே" என்று அழுததாகவும் மெதுவாகச் சொன்னார். இதற்கு எந்த நோட்டிலும் ஆதாரமில்லை. உறுதி செய்யப்படாத தகவல் என்று குறித்துக்கொண்டு உனக்குத் தருகிறேன், நான் நம்புகிறேன்.

உன்னிடம் சொல்லலாமா என்று அவரையே கேட்டேன். மூன்று மணிக்கு அளவு நாடாவை எடுத்துக்கொண்டு வந்தார், "இங்க வந்து கதவுல சாஞ்சு நில்லு" என்றார். எதற்கு என்றேன். "உயரம் தப்பாயிருக்குல்ல, கேமராவை என் தோளுக்கு வெச்சிருக்கோம்" என்றார். நான் கதவில் சாய்ந்து நின்றேன், குதிகாலைத் தூக்காதே என்று இரண்டு தரம் அதட்டினார், தோள் மட்டத்தில் கதவில் பென்சிலால் கோடு போட்டார், அந்த வயதில் நான் இன்னும் ஒரு சென்டிமீட்டர் உயரமாக இருந்திருப்பேன் என்று எனக்கு ஒன்று சேர்த்துக் கொடுத்தார். உங்களுக்குச் சேர்த்தீர்களா என்று கேட்டதற்கு "சர்வேயர் சுருங்க மாட்டான்" என்றார். கணக்குப் போட்டுப் பார்த்தால் நூற்று எண்பத்தொன்று. அவருடைய தோளிலிருந்து என் தோளுக்குப் பதின்மூன்று சென்டிமீட்டர் இறங்க வேண்டும். அன்று நான்கு மணிக்குப் பெஞ்சைத் தூக்கிக்கொண்டு போனோம். கண்டக்டரிடம் விஷயத்தைச் சொன்னபோது அவர் இரண்டு கையையும் பாக்கெட்டுக்குள் விட்டு, "இன்னைக்கு விசிலே கிடையாதும்மா" என்று உறுதி கொடுத்தார், கொடுத்தபடி நடந்தும் கொண்டார். முதலில் அப்பாவின் உயரத்தில் பத்து நிமிடம் எடுத்தோம். பிறகு அவரே பெஞ்சின் பக்கத்தில் நின்று திருகைத் தளர்த்தி, நாடாவைப் பிடித்து, கேமராவைப் பதின்மூன்று சென்டிமீட்டர் கீழே இறக்கினார், ரசமட்டத்தை வைத்துப் பார்த்தார், விலகிப் போய் எனக்குப் பின்னால் நின்றுகொண்டார். இரண்டாவது பத்து நிமிடம். என் துப்பட்டா தோளிலேயே இருந்தது, வாயைக் கட்ட வேண்டியிருக்கவில்லை. நடைப்பயிற்சிக்காரர்கள் போனார்கள், ஒரு வெள்ளைப் பறவை வந்து உட்கார்ந்து எழுந்து போயிற்று, நான் எதற்கும் விளக்கம் கொடுக்கவில்லை. நீ சொல்கிற அந்த நிலம் பேசுவது எனக்குக் கேட்டதா என்றால், பாதி கேட்டது. மேலே இருந்து பார்த்தால் எதிர்க்கரைச் சாலை தெரிகிறது, கீழே இறக்கினால் நாணல் அதை மறைத்துவிடுகிறது, தண்ணீர் மட்டும்தான். உனக்கு அந்த ஞாபகத்தில் சாலை இருக்கிறதா, தண்ணீர் மட்டும் இருக்கிறதா என்று எனக்குத் தெரியாது, அது உன் நோட்டு.

கார்டுகளில் "அப்பா உயரம்" "அம்மா உயரம்" என்று ஒட்டியிருக்கிறேன். எதைப் போடுவது என்பதில் நான் தலையிடப் போவதில்லை, அப்பாவும் மாட்டார், அவர் கேட்டது ஒன்றே ஒன்று, "என் தோளை முழுசா வெட்டிடாதேன்னு எழுது" என்றார், எழுதிவிட்டேன். இரண்டையும் போடாமல் விட்டாலும் சரி. அந்த வரியை மாற்ற உனக்கு மனமில்லாவிட்டாலும் எனக்கு வருத்தமில்லை, கொஞ்சம் இருக்கும், அதை நான் பார்த்துக்கொள்கிறேன். ஆனால் எங்கள் பத்திரிகையில் தவறு வந்துவிட்டால் மறுநாள் நாலாம் பக்கத்தின் அடியில் திருத்தம் போடுவோம், சின்ன எழுத்தில், யாரும் படிக்க மாட்டார்கள், இருந்தாலும் போடுவோம். என் பங்குக்கு ஒன்று போட்டுவிட்டு முடிக்கிறேன். திருத்தம்: அம்மா அன்றைக்கு வேலைக்குப் போயிருந்தாள் என்று வந்திருப்பது சரியே. குழந்தையையும் தூக்கிக்கொண்டு போயிருந்தாள்.

உன் படம் நன்றாக வர வேண்டும், உன் கண்ணும் முதுகும் அதற்குள் கெட்டுப்போகாமல் இருக்க வேண்டும், நினைத்தது நினைத்தபடி நடந்து நீ நிறைந்த மனதோடு இருக்க வேண்டும் என்று நாங்கள் இருவரும் உன்னை வாழ்த்துகிறோம். நோட்டைப் பத்திரமாகத் திருப்பி அனுப்பு, அறுபத்திரண்டில் ஒன்று குறையக் கூடாது. எடிட்டிங் அறையில் ஏசிக்கு நேராக உட்காராதே. சாப்பிட்டேன் என்று இனிமேல் சொன்னால் என்ன சாப்பிட்டாய் என்றும் சொல்ல வேண்டும்.

அன்போடும் முத்தங்களோடும்,
உன் அம்மா

இரண்டு உயரமும் நானே அளந்தது. இரண்டும் சரி. பூனைக்குட்டி ஒன்றுக்கு மட்டும் இன்னும் கண் திறக்கவில்லை.
— அப்பா